ஜான் எப்படி ஜாக் ஆனான்? அவசரமாக ஒரு கலைச்சொல் தேவை

அனைவருக்கும் வணக்கம்.

மொழியியல் முதுகலை மாணவர்களுக்காக, ஆங்கிலேய ஆட்பெயர்களைப் பற்றிய ஒரு சிறு பாடநூலைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகவேண்டும். ஒரே ஒரு சொல்லில் மூன்று நாளாக மாட்டிக்கொண்டு நிற்கிறேன்.

ராபர்ட்டை பாப் என்பதும் ரிச்சர்டை டிக் என்பதும் ஜானை ஜாக் என்பதும் ஒரே வகை வழக்கு. இந்த வகைக்கு மொழியியலில் ஹைப்போகோரிசம் என்று பெயர். கிரேக்கத்தில் சிறுபிள்ளையைக் கொஞ்சுவது என்னும் பொருளுள்ள வினையிலிருந்து வந்த சொல். செல்லப்பெயர் என்று போட்டுவிட்டுப் போகலாம்தான். ஆனால் அத்தியாயமே ஜாக்கைப் பற்றியது, அவன் செல்லத்துக்கு அடங்க மாட்டேன் என்கிறான்.

நூல் சொல்லும் வரலாறு இது. இடைக்கால இங்கிலாந்தில் ஜான் என்ற பெயரை யான், ஜான் என்று பலவிதமாக எழுதியிருக்கிறார்கள். அதோடு கின் என்ற சிறுமை விகுதி சேர்ந்து ஜான்கின் ஆனது. பிறகு மூக்கொலி தேய்ந்து ஜாக்கின், கடைசியில் விகுதியும் உதிர்ந்து ஜாக். பிரெஞ்சு ஜாக்கிலிருந்து, அதாவது யாக்கோபிலிருந்து, வந்தது என்றுதான் பலரும் நம்பிக்கொண்டிருந்தார்கள். ஆக்ஸ்ஃபோர்டின் பாட்லி நூலகத் தலைவராக இருந்த நிக்கல்சன் 1892-இல் இதற்கென்றே ஒரு சிறுநூல் எழுதி, பழைய ஆவணங்களைக் காட்டி, இவன் ஜான் வீட்டுப் பிள்ளைதான் என்று வாதிட்டார்.

சுருக்கப்பெயர், குறும்பெயர், செல்லப்பெயர், மரூஉப்பெயர் ஆகிய நான்கும் கைவசம் இருக்கின்றன. எதைப் போடட்டும்?

— திருச்சி

*

அம்மா, வணக்கம்.

இதற்கு எதற்கு மூன்று நாள்? மரூஉ என்று நன்னூலார் கையில் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். இலக்கணமுடையது, இலக்கணப்போலி, மரூஉ என இயல்பு வழக்கு மூன்று. சோழநாடு சோணாடு ஆனதும் அருமருந்தன்ன பிள்ளை அருமந்த பிள்ளை ஆனதும் எதுவோ, அதுவேதான் ஜான்கின் ஜாக் ஆனதும்.

ஆட்பெயரே வேண்டுமென்றால் தொல்காப்பியத்துக்குப் போங்கள். ஆதன் என்பவனுடைய தந்தை ஆந்தை, பூதன் தந்தை பூந்தை. எது கெடும், எது நிற்கும் என்று எழுத்ததிகாரத்தில் நூற்பாவே இருக்கிறது. கோப்பெருஞ்சோழனுக்காக உயிர்விட்ட பிசிராந்தையார் பெயரில் இருப்பது இந்த ஆந்தைதான். வகுப்பில் வருடாவருடம் ஒரு பையனாவது அதைப் பறவை என்று எழுதுவான். முப்பது வருடம் திருத்தியிருக்கிறேன்.

மரூஉப்பெயர். எழுதிக்கொள்ளுங்கள், அச்சுக்கு அனுப்புங்கள்.

— தஞ்சாவூர், ஓய்வுபெற்ற தமிழாசிரியன்

*

ஐயா மன்னிக்கவேண்டும், ஒரு சின்ன மறுப்பு.

மரூஉ என்பது வழங்கி வழங்கித் தானாகத் தேய்வது. கோயம்புத்தூர் கோவை ஆனதில் யாரும் ஊரைக் கொஞ்சவில்லை. ஆனால் கிருஷ்ணனைக் கிட்டு என்பதும் லட்சுமியை லச்சு என்பதும் ஒருத்தி வேண்டுமென்றே செய்வது. தேய்ந்தது வேறு, தேய்த்தது வேறு. அதிலும் ஓர் அச்சு இருக்கிறது: இரண்டே அசை, நடுவில் ஒற்று இரட்டிக்கும், கடைசியில் உகரம். சுப்பு, கிச்சு, லச்சு எல்லாம் அந்த அச்சில் வார்த்தவை. ஆங்கிலத்தில் அச்சு வேறு. வில் என்பதைப் பில் ஆக்குவார்கள், எட் என்பதை டெட் ஆக்குவார்கள், எதுகைக்கு ஆள் தேடுவதுபோல. ராபிலிருந்து ஹாப், டாப், பாப் மூன்றும் பிறந்தன. ஹாப் இன்று யாருக்கும் பெயரில்லை. ஹாப்ஸ், ஹாப்சன், ஹாப்கின்ஸ் என்று குடும்பப் பெயர்களுக்குள் மட்டும் உட்கார்ந்திருக்கிறான்.

செல்லப்பெயர் போதும் என்பது என் கட்சி. தெருவில் கேட்டால் யாருக்கும் புரியும்.

— பெங்களூர்

*

வணக்கம். கொஞ்சம் பிந்திவிட்டேன்.

எங்கட பக்கத்தில் இதற்கு எப்போதோ பெயர் இருக்கிறது: வீட்டுப்பெயர். பள்ளிக்கூடத்தில் ஒரு பெயர், வீட்டில் ஒரு பெயர். கல்யாண வீட்டில் பத்திரிகையைப் பார்த்துவிட்டு “மாப்பிள்ளையின்ர வீட்டுப்பெயர் என்ன?” என்று கேட்டால்தான் ஆள் யாரென்றே விளங்கும். யாழ்ப்பாணத்தில் பிறந்தவன், இங்கே கனடாவில் என் பிள்ளைகளும் அப்படித்தான் சொல்லுகினம். புதுச்சொல் தேவையில்லை, ஐயா.

— டொராண்டோ

*

டொராண்டோ நண்பருக்கு: அழகான சொல். ஆனால் தமிழ்நாட்டில், அதிலும் தெலுங்கு பேசும் குடும்பத்தில் பிறந்த என்னைப்போன்றவனிடம் வீட்டுப்பெயர் என்றால் இண்டிப்பேரு, அதாவது குலப்பெயர்தான் நினைவுக்கு வரும். எல்லை தாண்டிக் கேரளத்துக்குப் போனாலும் அதே கதை, வீட்டுப்பேர் என்றால் தறவாட்டுப் பெயர். பாடநூலில் போட்டால் ஜாக்கின் வீட்டுப்பெயர் ஸ்மித் என்று மாணவன் எழுதுவான்.

கேரளம் என்றதும் ஒன்று தோன்றுகிறது. கின் என்பது சிறுமை விகுதி என்றீர்கள் இல்லையா? ஆட்டுக்குட்டியை ஆங்கிலத்தில் லாம்ப்கின் என்பார்கள், அதே கின்தான். அப்படியானால் ஜான்கின் என்பதற்கு நேர் தமிழ் ஜான்குட்டி! கோட்டயம் பக்கம் போய்ப் பாருங்கள், ஒவ்வொரு தெருவிலும் ஒரு ஜான்குட்டி. அவனை ஆறு நூற்றாண்டு தேய்த்தால் ஜாக் கிடைப்பான்.

— கோவை

*

ஜான்குட்டியை எந்த நூலில் எழுதினாலும் என் பெயரைச் சேர்க்காதீர்கள்.

ஆங்கிலப் பெயரை ஒலிபெயர்ப்பதே பிழை. யோவான் என்றால் எபிரேயத்தில் கடவுள் அருளினார் என்று பொருள். அந்தப் பொருளை எடுத்துக்கொண்டு அருளப்பர் என்றார்கள் நம் கத்தோலிக்கர். பவுல் என்றால் சிறியவன், ஆகவே சின்னப்பர். இதைவிட நல்ல முன்மாதிரி உண்டா? ஜான் அருளப்பன் என்றால் ஜாக் அருளு. முடிந்தது. கலைச்சொல்லுக்கு நம் தொல்காப்பிய மரபியலிலேயே பார்ப்பு, பறழ், குட்டி, குருளை, கன்று, பிள்ளை, மகவு, மறி, குழவி என்று ஒன்பது இளமைப்பெயர்கள் இருக்கின்றன. குருளைப்பெயர் என்று வையுங்கள்.

கிரந்த எழுத்தையும் விடுங்கள்.

— புதுச்சேரி

*

கிரந்தத்தை விட்டால் ஜாக் சாக்கு ஆகிவிடுவான், ஐயா. அத்தியாயத் தலைப்பு “சாக்கின் வரலாறு”. மாணவர்களுக்குப் பிடிக்கும்.

குருளைப்பெயர் பற்றி ஒன்றும் சொல்வதற்கில்லை.

— பெங்களூர்

*

சாக்கு வேண்டாம் என்றால் யாக்கு என்று எழுதலாம். யோவானுக்கு யகரம் போட்டவர்கள்தானே நாம்.

— புதுச்சேரி

*

ஜாக் என்றதும் பலாப்பழத்தைப் பற்றி யாரும் பேசாதது ஆச்சரியம். ஆங்கிலத்தில் பலாவுக்கு ஜாக்பழம் என்றுதான் பெயர். அந்த ஜாக் இந்த ஜாக் இல்லை. மலையாளத்துச் சக்க போர்த்துகீசியரிடம் ஜாக்கா ஆகி, அங்கிருந்து ஆங்கிலத்துக்குப் போனது. எங்கள் நாகர்கோவிலில் இன்றும் சக்கை என்றால்தான் கடைக்காரர் எடுத்துக் கொடுப்பார். ஆக, ஆங்கிலேயனின் ஜாக்குகளில் பெரியதும் முள்ளோடு இருப்பதும் நம்முடையது.

— நாகர்கோவில்

*

யாழ்ப்பாணத்தில் அது பிலாப்பழம். சும்மா ஒரு தகவலுக்கு.

— டொராண்டோ

*

திருச்சி அம்மாவுக்கு,

பழத்தை விட்டுவிட்டு விஷயத்துக்கு வருவோம். பெங்களூர் தம்பி தேய்த்தது, தேய்ந்தது என்று எழுதியதைப் படித்ததும் என் அம்மா நினைவு வந்துவிட்டது.

என் பெயர் கிருஷ்ணசாமி. தாத்தா பெயர். பெயரைத் தாங்குகிறவன் என்பதால்தான் அவன் பெயரன், அதுதான் பேரன் (இதுவும் மரூஉ, கவனிக்கவும்). ஆனால் மாமனார் பெயரை மருமகள் வாயால் சொல்லக்கூடாது. சொல்லி அதட்டுவதாவது! அதனால் நான் கிட்டு. என்னைப் பள்ளியில் சேர்க்கப் போன அன்று தலைமையாசிரியர் பேனாவைத் திறந்துகொண்டு “பையன் பேரு?” என்றார். அம்மா பேசவில்லை. சுவரில் மாட்டியிருந்த நாட்காட்டியில் புல்லாங்குழலோடு நின்ற படத்தைக் கையால் காட்டினாள். அவர் கோபாலன் என்று எழுதப்போனார். அம்மா தலையை ஆட்டினாள். கண்ணன்? அதுவும் இல்லை. நாலாவது தடவையில் சரியாக வந்தது.

ஆக, கிட்டு என்பது கொஞ்சியதால் மட்டும் வந்ததில்லை, தடை இருந்ததாலும் வந்தது. இங்கிலாந்திலும் செல்லம் மட்டும் காரணமாக இருந்திருக்காது. ஊரில் பாதிப்பேர் ஜான், மீதிப்பேர் வில்லியமும் ராபர்ட்டும் என்றால் எப்படிக் கூப்பிடுவது? நார்மானியர் வந்தபின் பழைய ஆங்கிலப் பெயர்கள் வழக்கொழிந்து, கையளவு பெயர்களே மிஞ்சின. அடையாளம் தெரியவாவது நாலுவிதமாக உடைத்தாக வேண்டும். செல்லப்பெயர் என்றால் இந்தக் காரணமெல்லாம் அடிபட்டுப்போகும். மரூஉவில் நிற்கிறேன்.

— தஞ்சாவூர்

*

ஐயா, அந்த நாட்காட்டியைப் படித்துவிட்டு வெகுநேரம் சிரித்தேன்.

என் சிக்கலை இன்னும் தெளிவாக வைக்கிறேன். ஜானும் ஒரே அசை, ஜாக்கும் ஒரே அசை. இங்கே எதுவுமே சுருங்கவில்லை. நடுவில் ஜான்கின் என்று நீளவேறு செய்திருக்கிறது. ஆகவே சுருக்கப்பெயர், குறும்பெயர் இரண்டும் போயின.

செல்லமும் நிற்கவில்லை. ஜாக் என்பது சீக்கிரமே யாரோ ஒரு பையன், வேலைக்காரன், சாமானியன் என்ற பொருளுக்கு இறங்கிவிட்டது. நம் குப்பன் சுப்பன் மாதிரி. கப்பலோட்டி ஒரு ஜாக், சீட்டுக்கட்டில் அரசன் அரசிக்குக் கீழே நிற்கிறவன் ஒரு ஜாக். பையன் செய்யும் வேலையைச் செய்யும் கருவிகளுக்கும் அதே பெயர்: பூட்ஸைக் கழற்றுவதற்கு ஒரு ஜாக், அடுப்பில் இறைச்சிக் கம்பியைச் சுற்றுவதற்கு ஒரு ஜாக். பாரம் தூக்குவதும் அப்படி வந்ததுதான். ஸ்காட்லாந்தில் ஜான் ஜாக் ஆகாமல் ஜொக் ஆனான், அதிலிருந்து ஜாக்கி. முதலில் வெறும் பையன், அப்புறம் குதிரைத் தரகன், கடைசியில் பந்தயத்தில் குதிரை ஓட்டுகிறவன்.

இதற்குப் பிறகு கதை தலைகீழாகிறது. 2009-இல் ஆலிவர் என்ற பெயர் வந்து கீழே இறக்கும்வரை இங்கிலாந்திலும் வேல்ஸிலும் ஆண்குழந்தைகளுக்குப் பதிவான பெயர்களில் 14 ஆண்டு முதலிடம் ஜாக்குக்குத்தான். பிறப்புச் சான்றிதழில் இருப்பது செல்லப்பெயரா? நம்மூரில் ராமு, மணி, ராஜு என்றே பதிவு செய்கிறார்கள் இல்லையா, அதைப்போல.

— திருச்சி

*

அப்படியானால் கொஞ்சலையும் நீளத்தையும் விட்டுவிட்டு, ஒன்றிலிருந்து ஒன்று வந்தது என்ற உறவை மட்டும் சொல்லும் சொல் வேண்டும். முதல்நூல், வழிநூல் என்கிறோமே, அதேபோல ஜான் முதற்பெயர், ஜாக் வழிப்பெயர். வழிநூல் முதல்நூலைத் தழுவியும் இருக்கும், வேண்டிய விகற்பமும் கொள்ளும். ராப் பாப் ஆனதுபோல.

— கோவை

*

வழிப்பெயர் என்றால் பேருந்துப் பலகை மாதிரி இருக்கிறது. “ஜான், வழி: ஜான்கின்.” ஆனால் பரவாயில்லை, ஓட்டுப் போடுகிறேன். எனக்கு நாளை வேலை இருக்கிறது.

இன்னொன்று. எட்வர்டிலிருந்து வந்த நெட்டுக்கு அந்த ந என்ற எழுத்து எங்கிருந்து வந்தது தெரியுமா? “என் எட்” என்பதற்கு இடைக்கால ஆங்கிலத்தில் மைன் எட். கேட்டவர்கள் மை நெட் என்று பிரித்துவிட்டார்கள். நிக்நேம் என்ற சொல்லே அப்படித்தான். ஈக் என்றால் கூடுதல், ஈக்நேம் கூடுதல் பெயர். முன்னால் நின்ற ஆன், அதாவது “ஒரு”, தன் ஒற்றை அதற்குக் கொடுத்துவிட்டது.

— பெங்களூர்

*

எம் தந்தை எந்தை, நும் தந்தை நுந்தை! நம்மிடமும் உடைமையும் பெயரும் ஒட்டியிருக்கின்றன.

— புதுச்சேரி

*

ஒட்டியது சரி. தவறாகப் பிரிந்ததா? எந்தையில் மகரம் பெயருக்குத் தாவவில்லையே. ஒப்புமை முழுமையில்லை.

சரி, வழிப்பெயருக்கு நான் குறுக்கே நிற்கவில்லை. ஆனால் உடன்படவும் இல்லை. பெரியாழ்வார் பிள்ளைக்குத் திருமால் பெயரை இடச் சொன்னார், “நாரணன் தம் அன்னை நரகம் புகாள்” என்றார். நாராயணன் என்று பெயரிட்டு நாணு என்று கூப்பிட்டால் அந்தப் பலன் உண்டா என்று என்னிடம் ஒரு மாணவி கேட்டாள். ஆழ்வாரே நாராயணனை நாரணன் ஆக்கித்தானே பாடினார் என்றேன். அவர் செய்ததற்கு மரூஉ என்று பெயர். வழிப்பெயர் என்று யாரும் சொன்னதில்லை.

— தஞ்சாவூர்

*

அனைவருக்கும் நன்றி. நேற்றிரவு கோப்பை அனுப்பிவிட்டேன். கலைச்சொல் பட்டியலில் வழிப்பெயர். உள்ளே, கதையாகச் சொல்லும் இடங்களில் செல்லப்பெயர். தஞ்சை ஐயாவுக்காக ஓர் அடிக்குறிப்பில் மரூஉ என்றும் கொள்வர் என்று சேர்த்திருக்கிறேன். வீட்டுப்பெயரைச் சேர்க்க இடமில்லை, டொராண்டோ அண்ணா மன்னிக்கவேண்டும்.

இன்று காலை மெய்ப்பு வந்தது. வழிப்பெயர் எல்லாவற்றையும் யாரோ மொழிபெயர் என்று திருத்தி வைத்திருக்கிறார்கள். இருபத்தோரு இடம். உட்கார்ந்து மாற்றிக்கொண்டிருக்கிறேன்.

— திருச்சி

*

அடிக்குறிப்பில் என்றாலும் மகிழ்ச்சி. “கொள்வர்” என்றால் யார் கொள்வர்? நான் ஒருவன்தானே.

— தஞ்சாவூர்

*

மன்னிக்கவேண்டும் பிள்ளை, பாடநூல் எங்கட பிள்ளைகளும் படிக்கும்தானே. அடுத்த பதிப்பில் பார்ப்போம்.

— டொராண்டோ

*

வணக்கம், குழுவுக்குப் புதியவன். சேலத்தில் ஒர்க்‌ஷாப் வைத்திருக்கிறேன். கார் ஜாக்கிக்கு நல்ல தமிழ்ச்சொல் தேடித்தான் இந்தக் குழுவில் சேர்ந்தேன். இழை முழுவதையும் படித்தேன், கடைசிவரை வரவில்லை. எங்கள் பையன்கள் “தம்பியை எடுத்துட்டு வா” என்றால் ஜாக்கியைத்தான் கொண்டுவருவார்கள். இது கலைச்சொல் ஆகுமா?

— சேலம்