நிலவு கோளை மறைக்கும் நேரத்தை நம் ஊருக்கென்று கணிப்பது எப்படி?

கேள்வி (தேவகோட்டை)

2023 மார்ச் 24 அன்று வெள்ளியை நிலவு மறைக்கும் என்று படித்துவிட்டு, நன்றாக இருட்டிய பிறகு மாடிக்குப் போனேன். வளர்பிறைக்குப் பக்கத்தில் வெள்ளி பொட்டு வைத்தாற்போல் தனியே நின்றது. மறைப்பு பகல் வெளிச்சத்திலேயே முடிந்துவிட்டது என்பது பிறகுதான் தெரிந்தது. இரண்டு ஐயங்கள் இருக்கின்றன. நிலவு மாதந்தோறும் எல்லா ராசிகளையும் சுற்றி வரும்போது, ஒவ்வொரு கோளையும் மாதந்தோறும் ஏன் மறைப்பதில்லை? வேறு ஊருக்குக் கணித்த நேரம் நமக்குப் பொருந்துமா?

மறுமொழி 1 (காரைக்குடி, இயற்பியல் ஆசிரியர்)

ஐயா, பஞ்சாங்கத்தில் ஒரே ராசி, ஒரே பாகை என்று பார்ப்பது கிழக்கு மேற்கு அளவை மட்டுமே. மறைப்பைத் தீர்மானிப்பது வடக்கு தெற்கு விலக்கம். நிலவின் பாதை சூரியனின் பாதைக்கு ஏறத்தாழ 5 பாகை சாய்ந்திருக்கிறது. நிலவின் அகலமோ அரைப் பாகைதான். அதனால் பெரும்பாலான மாதங்களில் அது கோளுக்கு மேலாகவோ கீழாகவோ விலகிப் போய்விடுகிறது. இரு பாதைகளும் வெட்டிக்கொள்ளும் இடங்களைத்தான் நாம் ராகு, கேது என்கிறோம். அவை பின்னோக்கி நகர்ந்து ஒரு சுற்றை முடிக்க 18.6 ஆண்டுகள் ஆகின்றன. ராகு ஒரு ராசியில் ஏறக்குறைய ஒன்றரை ஆண்டு இருப்பதும் இதனால்தான். குரு, சனி போல மெதுவாக நகரும் கோள் அந்த வெட்டுப்புள்ளியின் பக்கம் இருக்கும் காலத்தில் மறைப்புகள் மாதந்தோறும் தொடர்ந்து வரும். 2024-இல் சனிக்கு அப்படித்தான் வந்தன. பிறகு பல ஆண்டுகள் ஒன்றும் இராது.

உங்கள் இரண்டாவது ஐயம்தான் கணிதத்தின் உயிர்நாடி. நிலவு நமக்கு மிக அருகில் இருப்பதால், பூமியின் நடுவிலிருந்து கணித்த இடத்திற்கும் நம் கண்ணுக்குத் தெரியும் இடத்திற்கும் அடிவானத்தருகே சராசரியாக 57 கலை (60 கலை ஒரு பாகை) வேறுபாடு வரும். அது நிலவின் அகலத்தைப் போல ஏறக்குறைய இரு மடங்கு. தில்லியில் கோள் நிலவுக்குள் நுழையும்போது, காரைக்குடியில் அது விளிம்பைத் தொடாமலே போகக்கூடும். சென்னைக்கும் நமக்கும் இடையில் கூட சில நிமிடங்கள் மாறும்.

மறுமொழி 2 (கானாடுகாத்தான்)

எங்கள் தாத்தா வாக்கியப் பஞ்சாங்கக் கணிதம் அறிந்தவர் என்பதால் ஒன்றைச் சேர்க்கிறேன். வாக்கிய முறையில் நிலவின் இடத்தை 248 நாள் சுழற்சியில் மனப்பாட வாக்கியங்களால் சொல்வார்கள். நிலவு பூமிக்கு அண்மை நிலையிலிருந்து மீண்டும் அண்மை நிலைக்கு வரும் 9 சுற்றுகள் கிட்டத்தட்ட மிகச்சரியாக 248 நாள் ஆகின்றன. 1825-இல் புதுச்சேரியில் ஒரு தமிழ்க் கணிதர் தரையில் சோழிகளை வைத்தே சந்திர கிரகணத்தைக் கணித்ததை, தென்னிந்தியக் காலக்கணிதத்தை ஆராய்ந்த ஜான் வாரன் பதிவு செய்திருக்கிறார். தொடக்கம் 4 நிமிடமே பிசகியது, முடிவு 52 நிமிடம் பிசகியது. என்னைப் பொறுத்தவரை இது வியக்கத்தக்க திறமை.

ஆனால் சந்திர கிரகணத்தில் நிழல் நிலவின் மீதே விழுவதால், அது தெரியும் ஊர்களில் எல்லாம் ஒரே கணத்தில் தெரியும். கோள் மறைப்பு சூரிய கிரகணத்தைப் போன்றது. ஊருக்கு ஊர் லம்பனம், அதாவது பார்க்கும் இடத்தால் நிலவு விலகித் தெரியும் அளவு, சேர்க்க வேண்டும். மேலும், ஒரு நாழிகைப் பிழை என்பது 24 நிமிடம். அதற்குள் நிலவு தன் அகலத்தில் ஏறத்தாழ பாதியைக் கடந்துவிடும். ஆகவே இதற்கு வாக்கியம் போதாது, இன்றைய வானியல் அளவுகளால் திருத்திக் கணிக்கும் திருக்கணிதமே வேண்டும்.

மறுமொழி 3 (காரைக்குடி, அதே ஆசிரியர்)

அவர் சொல்வது சரி. வானத்தைத் திரையில் காட்டும் ஸ்டெல்லேரியம் செயலியில் ஊரைத் தேவகோட்டை என்றே அமைத்து, நிமிடம் நிமிடமாக நகர்த்திப் பாருங்கள். அப்போது சூரியன் எங்கே, நிலவு எவ்வளவு உயரத்தில் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். 2023-இல் நீங்கள் தவறவிட்டது அதைத்தான். நிலவு மறைக்கும்போது விண்மீன் சட்டென்று அணையும். குருவோ தட்டாகத் தெரிவதால் முழுவதும் மறைய ஒரு நிமிடத்துக்கு மேல் ஆகும். நிலவு மேற்கே தாழ்ந்திருக்கும் நாளில் வளவு முற்றத்தில் நின்றால் ஓட்டுக் கூரை மறைத்துவிடும்.

கேள்வி கேட்டவர்

மிக்க நன்றி, ஐயா. எங்கள் வீட்டு மேற்கில் மச்சு வீடுகள் உயர்ந்து நிற்கின்றன. அடுத்த முறை ஊரணிக் கரைக்குப் போய்விடுகிறேன்.