குழாயில் குடித்தவனை யாரும் திட்டவில்லையாம்!

நல்லம்பள்ளிக்காரன்: நேற்று ஓசூர் ஜெனரல் ஷிப்ட் இங்கே போட்ட பதிவைப் படித்ததிலிருந்து எரிச்சல் அடங்கவில்லை. ஜப்பானின் ரேடியோ, டிவி கம்பெனி பானசோனிக்கை ஆரம்பித்த கொனொசுகே மட்சுஷிட்டா பெரிய மகானாம், தொழில் என்பதே சமுதாயத்துக்குத்தானாம். ஆதாரம் ஒரு கதை. ஒசாகாவில் வெயிலில் வண்டி இழுத்து வந்த ஒருவன் யார் வீட்டுக் குழாயையோ திறந்து தண்ணீர் குடித்தானாம். காசுள்ள தண்ணீர்தான், ஆனால் தாராளமாகக் கிடைப்பதால் ஒருத்தரும் திட்டவில்லையாம். பொருள்களையும் அப்படி மலிவாக்கினால் வறுமை ஒழியுமாம். எங்கள் தெருக் குழாயில் வந்து ஒரு வாய் குடிக்கட்டும் பார்க்கலாம். வரிசையில் ஒரு குடம் முன்னால் நகர்ந்தாலே எங்கள் அத்தை ஏழு தலைமுறையை இழுப்பார்.

ஓசூர் ஜெனரல் ஷிப்ட்: அண்ணா, பாதி படித்துவிட்டுக் குதிக்காதீர்கள். ஒன்பது வயதில் பள்ளியை விட்டுக் கடை வேலைக்குப் போன மனிதர் அவர். 1932 மே 5 அன்று ஊழியர்களைக் கூட்டி இதைச் சொன்னார். 250 வருடத் திட்டமே போட்டார். அதற்கு முன்பே, 1929 கடைசியில் வியாபாரம் படுத்தபோது, உற்பத்தியைப் பாதியாகக் குறைத்தும் ஒருத்தரையும் வீட்டுக்கு அனுப்பவில்லை. அரை நாள் வேலை, முழுச் சம்பளம். தேங்கிய சரக்கை ஊழியர்களே லீவு நாளிலும் அலைந்து விற்றார்கள்.

நல்லம்பள்ளிக்காரன்: சம்பளம் கிடக்கட்டும். குழாய்க்காரர் திட்டினாரா இல்லையா?

ஓசூர் ஜெனரல் ஷிப்ட்: திட்டவில்லை. கதையே அதுதானே!

நல்லம்பள்ளிக்காரன்: யார் பார்த்தது? வீட்டுக்காரர் உள்ளே தூங்கியிருப்பார். எழுந்து வந்திருந்தால் தத்துவம் மாறியிருக்கும்.

பென்னாகரம் டீச்சர்: சிரிப்பாக இருக்கிறது. ஆனால் பழைய போர்வெல் தண்ணீர் குடித்து வளர்ந்த பிள்ளைகளின் பல்லில் மஞ்சளும் பழுப்புமாகக் கோடு விழுந்ததை வகுப்பில் தினம் பார்த்தவள் நான். தண்ணீரில் மிஞ்சிய ஃபுளோரைடு உப்பு. வாயைக் கையால் மூடிக்கொண்டு சிரிப்பார்கள். அதற்காக வந்த ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் 1,928 கோடி ரூபாய், 2013 இல் திறந்தார்கள். அதற்குக் கடன் கொடுத்ததே ஜப்பான்தான்.

நல்லம்பள்ளிக்காரன்: கடன், டீச்சர். தானம் இல்லை. வட்டி உண்டு. குழாயில் குடித்தவனிடம் வட்டி கேட்டால் அது திட்டுவதை விட மோசம்.

மாங்கூழ்: அந்தத் திட்டம் கிருஷ்ணகிரிக்கும் சேர்த்துத்தான். தர்மபுரிக்காரர்கள் மட்டும் உரிமை கொண்டாட வேண்டாம்.

நல்லம்பள்ளிக்காரன்: 2004 இல் தனி மாவட்டம் வாங்கிக்கொண்டு போனீர்களே, அப்புறம் இங்கே என்ன பங்கு?

மாங்கூழ்: நாங்கள் போனதால்தான் வளர்ந்தோம். ஓசூர் யாரிடம் இருக்கிறது? உங்களிடம் இருப்பது அருவியும் எண்ணெய் மசாஜும்.

நல்லம்பள்ளிக்காரன்: ஓசூரில் முக்கால்வாசிப் பேர் மனசெல்லாம் பெங்களூரில். அதை உன்னுடையது என்கிறாயா? பேருந்து நிலைய விவாதத்திலும் நீ இப்படித்தான் குறுக்கே வந்தாய், மறக்கவில்லை.

பாலக்கோடு தக்காளி: மலிந்தால் வறுமை ஒழியும் என்கிற இடத்துக்கு வருகிறேன். வரத்து கூடினால் எங்கள் மார்க்கெட்டில் தக்காளி பறிகூலிக்குக்கூட ஆகாது. போன தடவை பதினைந்து பெட்டி ஏற்றிப் போனேன். வண்டி வாடகை கொடுத்ததும் டீக்குத்தான் காசு மிச்சம். வழியில் மாட்டுக்குக் கொட்டிவிட்டு வந்தவர்களும் உண்டு. இதுவும் குழாய்த் தண்ணீர் விலைதான்.

நல்லம்பள்ளிக்காரன்: கொட்டும்போது யாராவது திட்டினார்களா?

பாலக்கோடு தக்காளி: என் பொண்டாட்டி திட்டினாள்.

நல்லம்பள்ளிக்காரன்: பார்த்தீர்களா! கதை பொய்.

ஓசூர் ஜெனரல் ஷிப்ட்: தக்காளிக்கும் ரேடியோவுக்கும் முடிச்சுப் போடுகிறீர்கள். 1932 இலேயே இன்னொருவரிடமிருந்து ரேடியோ காப்புரிமையைக் காசு கொடுத்து வாங்கி, போட்டிக் கம்பெனிகளும் இலவசமாகப் பயன்படுத்தட்டும் என்று விட்டவர் அவர். உங்களில் யார் செய்வீர்கள்?

நல்லம்பள்ளிக்காரன்: தண்ணீர் விலை என்றாரே. எங்கள் மாமா துபாயிலிருந்து கொண்டு வந்த நேஷனல் பானசோனிக் டேப் ரிக்கார்டருக்கு அம்மா பூ வேலை போட்ட துணியில் உறை தைத்து மூடினார். நான் ஒருநாள் பொத்தானை அழுத்தியதற்கு முதுகில் விழுந்த அடி இன்னும் நினைவிருக்கிறது. குழாயைத் தொட்டதற்கு யாராவது அப்படி அடிப்பார்களா?

ஓசூர் ஜெனரல் ஷிப்ட்: நீங்கள்தானே அண்ணா, குழாயில் குடித்தால் உங்கள் தெருவில் அடி விழும் என்றீர்கள்?

நல்லம்பள்ளிக்காரன்: திட்டுவார்கள் என்றேன். அடி என்று சொல்லவே இல்லை. மேலே போய்ப் படியுங்கள்.

மாங்கூழ்: நன்றாக மாட்டினார்.

நல்லம்பள்ளிக்காரன்: கூழுக்குப் போ தம்பி.

பென்னாகரம் டீச்சர்: தண்ணீர் வந்துவிட்டது. மோட்டார் போடப் போகிறேன்.

சும்மா பார்க்கிறேன்: அந்த டேப் ரிக்கார்டருக்கு பெல்ட் எங்கே கிடைக்கும்? என்னுடையது இழுக்கிறது.

நல்லம்பள்ளிக்காரன்: அதற்குத் தனிப் பதிவு போடுங்கள் சார். இங்கே கேள்வி ஒன்றுதான். திட்டினாரா, இல்லையா?