ஃபியூரி - உசிக் ரீமேட்ச்: மூணு ஜட்ஜும் 116-112 குடுத்தது நியாயமா?

ஓல்ட்டவுன்காரன் (கடலூர் ஓ.டி.)

வணக்கம் மக்களே, ஒரு பஞ்சாயத்து இருக்கு. 2024 டிசம்பர் 21 ராத்திரி ரியாத்ல ஹெவிவெயிட் குத்துச்சண்டையில ஃபியூரியும் உசிக்கும் ரெண்டாவது தடவ மோதினாங்கல்ல, நம்ம டைமுக்கு அது விடியக்காலம். ஃபெஞ்சல் வெள்ளம் வடிஞ்சி மூணு வாரம்கூட ஆவல, வீட்டு சுவத்துல தண்ணி நின்ன கோடு அப்டியே இருக்கு, நானும் சேக்காளியும் போர்வைய போத்திகினு ஒரே போன்ல பாத்தோம். முடியறதுக்குள்ள கோயில் ஸ்பீக்கர்ல மார்கழி பாட்டு ஆரம்பிச்சிட்டாங்க, கமெண்ட்ரி பாதி காதுலயே விழல.

நான் உசிக் பக்கம், அவன் ஃபியூரி பக்கம். தோத்தவன் சில்வர் பீச்சுல எறா வறுவல் வாங்கித் தரணும். ரிசல்ட்டு வந்துச்சு, மூணு ஜட்ஜும் 116-112 உசிக்னு. அவன் ஒத்துக்கவே மாட்றான். "ஒரு தடவ கூட கீழ வுழாத ஆளுக்கு நாலு பாயிண்ட் கம்மியா, காசு விளையாடிடுச்சி"ன்றான். எனக்குமே கொஞ்சம் இடிக்குது, நான் மனசுக்குள்ள ஆறுக்கு ஆறுன்னுதான் வெச்சிருந்தேன். இன்னொண்ணு, மொத ஃபைட்டுக்கு 262 பவுண்டு இருந்த ஃபியூரி இதுக்கு 281 ஏத்திகினு வந்தாரே, அது உதவுச்சா கெடுத்துச்சா? தெரிஞ்சவங்க சொல்லுங்க, எறா காத்துகினு இருக்கு.

லெஃப்ட்ஹேண்டர்_லாஸ்பேட்டை

தம்பி, நாலு பாயிண்ட்னதும் என்னமோ பெரிய அடின்னு நெனச்சிக்காத. ரவுண்ட ஜெயிச்சவனுக்கு 10, தோத்தவனுக்கு 9. பன்னெண்டு ரவுண்டுல உசிக்குக்கு எட்டு, ஃபியூரிக்கு நாலுன்னு போட்டா கூட்டிப் பாரு, 116-112 வரும், அவ்ளோதான். நீ ஆறுக்கு ஆறு வெச்சிருக்க, ரெண்டே ரெண்டு ரவுண்டு உன் கணக்குல மாறுனா ஜட்ஜு கணக்கு வந்துடுது. கொள்ளைன்னு சொல்றதுக்கு இதுல ஒண்ணுமில்ல. அன்னிக்கி போய்ச் சேந்த குத்த எண்ணினாங்க, உசிக் 179, ஃபியூரி 144. இத்தனைக்கும் அதிகமா வீசினவரு ஃபியூரிதான்.

நெஜமாவே நூலிழையில போனது மொத ஃபைட்டு, 2024 மே 18. ரெண்டு ஜட்ஜு உசிக் (115-112, 114-113), ஒருத்தரு ஃபியூரி (114-113). ஒம்பதாவது ரவுண்டுல ஃபியூரி கயித்து மேல தள்ளாடிகினு போனாரே, கயிறு இல்லன்னா வுழுந்திருப்பாருன்னு ரெஃப்ரீ கவுண்ட் எண்ணிட்டாரு, அது கீழ வுழுந்த கணக்கு, இன்னொரு பாயிண்ட் போவும், அதனால அந்த ரவுண்டு 10-8. அந்த கவுண்ட மட்டும் எடுத்துட்டு 10-9ன்னு போட்டுப் பாருங்க: ஒரு கார்டு உசிக்குக்கு, ஒண்ணு ஃபியூரிக்கு, ஒண்ணு 114-114. மேட்ச்சே டிரா! உன் சேக்காளி அழுவணும்னா அதுக்கு அழுவட்டும், நானும் கூட சேந்து அழுவறேன்.

வெயிட்டு விஷயத்துக்கு வரேன். நானும் ஒரு காலத்துல ஸ்டேட் லெவல் வரைக்கும் ஆடினவன், பேருலதான் லெஃப்ட்ஹேண்டர், அப்ப ரைட் ஹேண்ட் ஸ்டான்ஸுதான். ஒரு சவுத்பா (இடது கை ஸ்டான்ஸு) பையன்கிட்ட மொத தடவ தோத்ததும் என்ன பண்ணேன் தெரியுமா, ரெண்டு மாசம் தண்டால், பஸ்கி, முட்டைன்னு கெடந்து கையில பலத்த ஏத்தினேன். மாஸ்டர் பாத்து சிரிச்சிட்டு தரையில சாக்பீஸால ஒரு கோடு போட்டாரு. "அவன் முன்னங்காலுக்கு வெளிப்பக்கம் உன் இடது கால் இருக்கணும், உள்ள மாட்டினா அவன் லெஃப்ட் நேரா மூக்குக்கு வரும்"னாரு. நான் எங்க கேட்டேன். ரெண்டாவது தடவயும் அதே லெஃப்ட், அதே மூக்கு.

உசிக்கும் சவுத்பாதான், பண்றது அதேதான். காலு எப்பவும் வெளிய, நடுவுல லெஃப்ட் ஸ்ட்ரெய்ட், அடிச்சிட்டு அங்க நிக்கவே மாட்டாரு. 226 பவுண்டு ஆளுதான், ஃபியூரிய வுட 55 கம்மி, அதாவது நம்ம கணக்குல ஒரு 25 கிலோ அரிசி மூட்டை. ஆனா அந்த மூட்டைய பன்னெண்டு ரவுண்டு தூக்கிகினு சுத்தினது ஃபியூரிதானே.

புவனகிரி_பாக்சர்

அந்த சேக்காளி நான்தான். அண்ணே நல்லா எழுதறீங்க, ஆனா ஒரு விஷயத்த வசதியா வுட்டுட்டீங்க. 2020 பிப்ரவரி, அமெரிக்க ஹெவிவெயிட் வைல்டரோட ரீமேட்ச். மொத ஃபைட்டு டிரா, அப்ப ஃபியூரி 256 சொச்சம். ரெண்டாவதுக்கு 273 ஏத்திகினு வந்து ஏழாவது ரவுண்டுல முடிச்சிட்டாரு, வைல்டர் கார்னர்லருந்து, போதும்னு டவல் தூக்கிப் போட்டாங்க. அப்ப வெயிட்டு வேல செஞ்சிது, இப்ப மட்டும் மூட்டையா? 206 சென்டிமீட்டர் ஆளு 191 சென்டிமீட்டர் ஆளு மேல சாஞ்சி சாஞ்சி களைக்க வெக்கணும்னு பிளான் போட்டது தப்பே இல்ல. வயித்துலயும் நல்லா குத்தினாரு. ஜட்ஜுங்களுக்கு அது கண்ணுல படல.

லெஃப்ட்ஹேண்டர்_லாஸ்பேட்டை

வாங்க சேக்காளி. வைல்டர் பாயிண்ட் நல்ல பாயிண்ட், ஒத்துக்கறேன். ஆனா அன்னிக்கி மாறினது வெயிட்டு மட்டுமில்ல, ட்ரெய்னர மாத்தினாரு, பின்னாடி போயி ஆடறத வுட்டுட்டு மொத மணியிலருந்து முன்னாடியே வந்தாரு. வைல்டருக்கு பின்னாடி போனா அடிக்கவே வராது, அதனால அந்த வெயிட்டு அவர் மேல எறங்குச்சு. உசிக்க பின்னாடி தள்ளினா அவரு நேரா பின்னாடி போறதில்ல, சைடுல கழண்டுடறாரு. சாய்றதுக்கு ஆள் அங்க இருந்தாத்தானே சாய முடியும்?

ரூயிஸ் கதைய எடுத்துக்கோங்க. 2019 ஜூன்ல நியூயார்க்ல, அப்ப சாம்பியனா இருந்த ஜோஷுவாவ நாலு தடவ கீழ வுழ வெச்சி ஏழாவது ரவுண்டுல முடிச்சாரு. ஆறே மாசத்துல ரீமேட்ச், ரூயிஸ் 15 பவுண்டு ஏறி வந்தாரு, மூணு மாசம் பார்ட்டின்னு அவரே வாயால சொன்னாரு. ஜோஷுவா பத்து பவுண்டு எறக்கிட்டு ஜாப் (முன்னங்கையால நேரா குத்தறது) போட்டுகினே ஓடினாரு. பாக்க சப்புன்னு இருந்துச்சு, எனக்கே தூக்கம் வந்துச்சு, ஆனா பெல்ட்டு திரும்பி வந்துடுச்சே.

சொல்தாபேரன்_பாண்டி

நடுவுல வரேன், மன்னிக்கணும். நீங்க ரீமேட்ச்னு பேசப் பேச எங்க தாத்தா ஞாபகம் வந்துடுச்சு. பிரெஞ்சு பட்டாளத்துல சொல்தாவா (சிப்பாயா) சைகோன்ல இருந்தவரு, பென்ஷன் வாங்கிகினு முத்தியால்பேட்டை திண்ணையில உக்காந்து ஒரே ஆளப் பத்திதான் பேசுவாரு, மர்செல் செர்தான். ஹெவிவெயிட் இல்ல, மிடில்வெயிட், 1948ல டோனி ஸேல ஜெயிச்சி உலக சாம்பியன் ஆனவரு. அடுத்த வருஷம் ஜூன்ல டெட்ராய்ட்ல லமோட்டாகிட்ட மொத ரவுண்டுலயே தோள்பட்டை போயி, ஒத்தக் கையால ஒம்பது ரவுண்டு ஓட்டிட்டு, பத்தாவதுக்கு எழுந்திரிக்கல. ரீமேட்ச்சுக்கு தேதி குறிச்சாச்சு. அதுக்காக அமெரிக்கா போற வழியில 1949 அக்டோபர் 28, அசோர்ஸ் தீவு மலையில விமானம் மோதி எல்லாரும் போயிட்டாங்க.

அப்ப பாண்டியும் பிரான்ஸு கையிலதான் இருந்துச்சு. தாத்தா சாவற வரைக்கும் "அந்த ரீமேட்ச்ச அவன்தான் ஜெயிச்சான்"னே சொல்லிகினு இருந்தாரு, நடக்கவே இல்லையே தாத்தான்னா கோவம் வந்துடும், அன்னிக்கி பூரா பேச மாட்டாரு. சேக்காளி சார், உங்களுக்கு நடந்த மேட்ச்சுக்கே இவ்ளோ வழக்கு!

ஒரு யோசனை. சத்தத்த ஆஃப் பண்ணிட்டு, ரெண்டு பேரும் தனித்தனி பேப்பர்ல ரவுண்டு ரவுண்டா எழுதி, முடிஞ்சப்பறம் தெறங்க. கமெண்ட்ரி காதுல வுழுந்தா கை தானா ஒரு பக்கம் சாயும்.

ஓல்ட்டவுன்காரன் (கடலூர் ஓ.டி.)

நேத்து பண்ணிப் பாத்தோம் ணா. மியூட் போட்டு, அவன் திண்ணையில, நான் உள்ள. என் பேப்பர்ல உசிக் ஏழு, ஃபியூரி அஞ்சு, 115-113. ஆறாவது ரவுண்டுக்கு மேல அந்த லெஃப்ட் எத்தினி தடவ மூஞ்சியில போய் நிக்குதுன்னு சத்தம் இல்லாதப்பதான் தெரியுது. காலையும் பாத்தேன், லாஸ்பேட்டை அண்ணன் சொன்ன சாக்பீஸ் கோடு இப்ப என் கண்ணுக்கும் தெரியுது.

அவன் பேப்பர வாங்கிப் பாத்தா 114-114. ரெண்டு எடத்துல அடிச்சி திருத்தியிருக்கான், கேட்டா பேனா எழுதலன்றான். எறாவுக்கு காசு பாதி பாதின்னு பேசி வெச்சிருக்கோம். சனிக்கெழம சாயங்காலம் தேவனாம்பட்டினம் பக்கம் வர்றவங்க வாங்க, ஆனா தாடி பேச்ச எடுக்காதீங்க, அந்த தாடியோட ஃபியூரிய ரிங்குல எறக்கலாமான்னு அப்ப ஒரு தகராறு நடந்துச்சே, அதுக்கு இவன் இன்னொரு பந்தயம் கட்டியிருக்கான்.