மறு: மறு: மனாவில் ஓடும் எந்திரம் – வெள்ளிக்கிழமைக்குள் ஒரு சொல் வேண்டும்

மத்திகெரே, புதன் இரவு

பெங்களூர் மொழிபெயர்ப்புக் குழுவினருக்கு வணக்கம். ஒரு கணினி விளையாட்டைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். ஒரே ஒரு சொல் மூன்று நாளாகக் கழுத்தைப் பிடிக்கிறது.

கதையில் ஒரு பித்தளை எந்திரம் வருகிறது. யானை உயரம். கோயில் காட்டு மரங்களிலிருந்து ‘மனா’ என்கிற கண்ணுக்குத் தெரியாத ஆற்றலை இழுத்து ஊருக்கு விளக்கெரிக்கும், மாவரைக்கும். அளவு மீறி இழுத்தால் மரங்கள் பட்டுப்போகும், ஊரில் காய்ச்சல் பரவும். இதற்குத்தான் பெயர் வேண்டும். பொத்தானில் 14 குறிக்கு மேல் இடமில்லை. பக்கத்து மேசையில் கன்னடம் பார்ப்பவர் இரண்டே நிமிடத்தில் ‘மாயாயந்த்ர’ என்று போட்டுவிட்டு காபி குடிக்கப் போய்விட்டார்.

என் கையில் இருப்பவை: மாயப்பொறி, மந்திரப்பொறி, அருளாற்றல் எந்திரம். வெள்ளி மாலை கோப்பு போயாக வேண்டும்.

அல்சூர், வியாழன் காலை

தம்பி, மூன்றும் வேண்டாம். மாயம் என்றால் பொய்த்தோற்றம். விளக்கு எரிகிறது, மாவு அரைபடுகிறது, இதில் பொய் எங்கே? மந்திரம் வாயால் சொல்வது. ‘நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி’ என்று தொல்காப்பியர் வரையறுத்தே விட்டார். உங்கள் எந்திரம் எதையும் ஓதக் காணோம். அருள் என்பது கொடுப்பது. மரத்திடமிருந்து பிடுங்குவது அருளா?

‘அணங்கு’ என்று ஒரு சொல் நம்மிடம் சும்மா கிடக்கிறது. மலையில், மரத்தில், நீர்த்துறையில் உறைகிற ஆற்றல். முறையோடு நடந்தால் காக்கும், முறை தப்பினால் வருத்தும். உங்கள் கதையே அதுதானே? கருவிக்குள் பசியோடு ஒன்று உட்கார்ந்திருக்கிறது என்பதும் நமக்குப் புதிதில்லை. மோசிகீரனார் அறியாமல் ஏறிப் படுத்துத் தூங்கியது எந்தக் கட்டில்? ‘குருதி வேட்கை உருகெழு முரசம்’ இருக்கும் கட்டில். புறநானூறு 50. அணங்குப்பொறி என்று வையுங்கள்.

ஜெயநகர், வியாழன் காலை

அணங்குப்பொறிக்கு என் ஓட்டு. ஆனால் ப் முக்கியம். ஒற்றோடு எழுதினால் அணங்கால் இயங்கும் பொறி. உருபும் பயனும் உடன்தொக்க தொகை. ஒற்றை விட்டு ‘அணங்குபொறி’ என்றால் வினைத்தொகையாகி, ஆளை வருத்துகிற எந்திரம் என்றாகிவிடும். ஒரு யோசனை: ஊருக்கு நல்லது செய்கிறவரை ஒற்றோடு போடுங்கள். மரம் பட்டுப்போகும் கட்டம் வந்ததும் ப்-ஐ எடுத்துவிடுங்கள். ஆடுகிறவர்கள் புரிந்துகொள்வார்கள்.

கே.ஆர்.புரம், வியாழன் மதியம்

எந்த ஆடுகிறவர்கள் என்று ஜெயநகர் அம்மா சொன்னால் தேவலை.

என் சண்டை பொறியோடு. எலிப்பொறி, தீப்பொறி, ஐம்பொறி, சோழரின் புலிப்பொறி. குறள் 618இல் ‘பொறியின்மை’ வருகிறது, பரிமேலழகர் விதி என்று உரை எழுதுகிறார். எலி பிடிப்பதிலிருந்து தலையெழுத்து வரை ஒரே சொல்லா? எந்திரம் என்றே இருக்கட்டும். வடசொல் என்று யாரும் கிளம்ப வேண்டாம். புறநானூறு 322இலேயே ‘கரும்பின் எந்திரம்’ சத்தம் போடுகிறது.

இன்னொன்று. செப்புத் தகட்டில் கட்டம் போட்டு, எழுத்து பொறித்து, கடை வாசலில் மாட்டுகிறோமே, அதன் பெயரும் எந்திரம்தான். மின்சாரம் வேண்டாம், எண்ணெய் வேண்டாம், தெய்வ ஆற்றலில் ஓடுகிறது. சிவாஜிநகரில் பூசைச் சாமான் கடையில் கேட்டால் எடுத்துக் கொடுப்பார்கள். மத்திகெரே தேடுகிற பொருளுக்குப் பெயர் ஏற்கெனவே இருக்கிறது, அடைமொழியே தேவையில்லை.

அல்சூர், வியாழன் மாலை

எந்திரம் ‘யந்த்ர’ என்ற வடசொல்லிலிருந்து வந்தது என்பார்கள், நான் ஏற்கவில்லை. இயங்கு + திறம் என்பதே இயந்திரம் ஆகி, எந்திரம் என்று குறுகியது என்பது என் கட்சி. விரிவாகத் தனி மடலில் எழுதுகிறேன். பொறி மேல் என்ன கோபம்? சீவக சிந்தாமணியில் விசயை ஏறிப் பறந்தது மயிற்பொறி. வலம் திருப்பினால் ஏறும், இடம் திருப்பினால் இறங்கும். அதை யாரும் எலி பிடிக்க வைத்ததாகத் தெரியவில்லை.

கே.ஆர்.புரம், வியாழன் மாலை

தனி மடல் வேண்டாம் ஐயா. போன முறை 11 பக்கம் வந்தது.

மாரத்தஹள்ளி, வியாழன் இரவு

அக்கா மகனிடம் காட்டினேன். பத்து வயது. பள்ளியில் கன்னடமும் இந்தியும், வீட்டில் பாட்டி கற்றுக்கொடுத்த தமிழ். ‘அணங்குப்பொறி’யை எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டு, “அணைக்கிற மெஷினா சித்தி?” என்றான். இயக்குகிற பொத்தானில் அணைக்கிற சொல்லைப் போட்டால் யார் அழுத்துவார்கள்? மாயப்பொறி என்றதும், “ஓ, மேஜிக்” என்று ஆடப் போய்விட்டான்.

‘மனா’வை அப்படியே வைத்தால் என்ன? அது பசிபிக் தீவுகளின் சொல். 1891இல் கோட்ரிங்டன் என்ற பாதிரியார் மெலனீசியர்களைப் பற்றி எழுதிய நூல் வழியாக ஆங்கிலத்தில் பரவியது. ஆங்கிலக்காரர்களே கடன் வாங்கியதற்கு நாம் ஏன் உயிரை விட வேண்டும்?

மத்திகெரே, வெள்ளி காலை

எல்லோருக்கும் நன்றி. அட்டவணையில் போட்டுப் பார்த்தேன். அது ஒற்றுப்புள்ளியையும் கால், கொம்பு போன்ற உயிர்க்குறிகளையும் தனித்தனியாக எண்ணுகிறது. நமக்கு 7 எழுத்தான அணங்குப்பொறி அதற்கு 12. அருளாற்றல் எந்திரம் 19, போச்சு. அணங்கு எந்திரம் 15. ஒன்றில் போச்சு.

ஜெயநகர், வெள்ளி காலை

ஏன் போகிறது? குற்றியலுகரம் உயிர் வந்தால் ஓடிவிடும். அணங்கெந்திரம். எண்ணிப் பாருங்கள், 13.

மத்திகெரே, வெள்ளி மதியம்

13தான், இடம் கொள்கிறது. ஆனால் அதைப் பார்த்து இது இரண்டு சொல் என்று கண்டுபிடிக்க எனக்கே ஒரு நொடி ஆயிற்று.

இதற்கிடையே வேறொரு வம்பு. ‘___ஐ இயக்கு’ என்று ஒரு வரி இருக்கிறது. கோடிட்ட இடத்தில் பொருளின் பெயரை நிரல் தானாக ஒட்டுகிறது. திரையில் ‘மாயப்பொறிஐ இயக்கு’, ‘வாள்ஐ இயக்கு’. எந்தச் சொல்லைப் போட்டாலும் இந்த ஐ துருத்திக்கொண்டு நிற்கும். ‘இயக்கு: ___’ என்று மாற்றவே மதியம் போய்விட்டது. சொல்லை இனி யோசிக்க நேரமில்லை.

தனியாகச் சொன்னவர்களையும் சேர்த்து, மாயப்பொறிக்கு ஐந்து பேர், அணங்குக்கு மூன்று, வெறும் எந்திரத்துக்கு ஒருவர். பொத்தானில் மாயப்பொறி போடுகிறேன். கதையில் காட்டோரம் ஒரு கிழவி வருவாள். அவள் வாயில் மட்டும் “மரத்துல அணங்கு இருக்குய்யா, தொடாத” என்று வைத்திருக்கிறேன்.

அல்சூர், வெள்ளி மாலை

கிழவிக்கு நன்றி. மறுப்பைப் பதிவு செய்துகொள்ளவும். இயந்திரம் பற்றிய கட்டுரை இணைப்பில், 14 பக்கம்.

ஜெயநகர், வெள்ளி இரவு

நீங்கள் பகிர்ந்த திரைப்பிடிப்பில் (ஸ்கிரீன்ஷாட்) ‘மாய பொறி’ என்று இருக்கிறதே தம்பி. ப் எங்கே?