வளிமண்டல மீத்தேனை நீக்குவது எது?

கேள்வி: காற்றில் கலக்கும் மீத்தேன் சுமார் 10 ஆண்டுகளில் நீங்கிவிடுகிறது என்றால், அதன் அளவு ஏன் ஏறிக்கொண்டே போகிறது? அதை நீக்குவது மரங்களா, கடலா?

பதில் 1: இரண்டும் அல்ல. ஏறத்தாழ 90 விழுக்காட்டை நீக்குவது ஹைட்ராக்சில் என்னும் வினைத்துகள். புற ஊதாக் கதிர் ஓசோனைப் பிளக்கும்போது வெளிப்படும் ஆக்சிஜன் அணு, நீராவியுடன் வினைபுரிந்து இதை உண்டாக்குகிறது. ஒரு நொடி அளவே நிலைக்கும் இத்துகள், மீத்தேனிலிருந்து ஒரு ஹைட்ரஜன் அணுவைப் பறித்துக்கொண்டு நீராக மாற, எஞ்சியது படிப்படியாகக் கார்பன் மோனாக்சைடாகவும் இறுதியில் கார்பன் டை ஆக்சைடாகவும் ஆகிறது. கவலைக்குரியது என்னவெனில், அந்தக் கார்பன் மோனாக்சைடும் ஹைட்ராக்சிலையே செலவழிப்பதால், மீத்தேன் பெருகப் பெருக அதன் ஆயுளும் நீள்கிறது.

பதில் 2: அளவு ஏறுவதற்குக் காரணம், நீங்குவதைவிட வருவது மிகுதி என்பதே. சதுப்பு நிலம், நெல்வயல், குப்பைக்கிடங்கு, மாட்டின் இரைப்பை என ஆக்சிஜன் எட்டாத இடங்களில் நுண்ணுயிர்கள் இதை உருவாக்குகின்றன. நிலக்கரிச் சுரங்கங்களிலும் எரிவாயுக் குழாய்களிலும் கசிவதும் சேர்கிறது. தொழிற்புரட்சிக்கு முன் நூறு கோடியில் சுமார் 700 பங்காக இருந்தது, இன்று 1900-ஐத் தாண்டிவிட்டது. கசிவை அடைப்பதே விரைவில் பலன் தரும் என்பது என் உறுதியான கருத்து.

பதில் 3: மண்ணையும் மறந்துவிட வேண்டாம். நீர் தேங்கிய மண் மீத்தேனை வெளியிடுகிறது. காற்றோட்டமுள்ள காட்டு மண்ணிலோ, அதையே உணவாகக் கொள்ளும் பாக்டீரியாக்கள் வாழ்கின்றன.