சேலத்துக்குப் பறந்த கிங்ஃபிஷர்

இன்றைக்கு இல்லாத கிங்ஃபிஷர் விமான நிறுவனத்தில் பறந்த அனுபவத்தைப் பலர் எழுதியிருக்கிறார்கள். அவர்கள் பெரும்பாலும் ஏர்பஸ் என்ற பெரிய விமானத்தில் போனவர்கள். முன் இருக்கையின் முதுகில் திரை, சாப்பாடு, உபசரிப்பு என்று சொல்கிறார்கள். எல்லாம் உண்மைதான். 2005 மே மாதம் அவர்கள் பறக்க ஆரம்பித்தபோது, உள்நாட்டு விமானத்தில் ஆளுக்கொரு திரை என்பதே நமக்குப் புதுசு. ஆனால் எனக்கு கிங்ஃபிஷர் என்றால் அந்தத் திரையெல்லாம் இல்லாத, ஏடிஆர் என்ற சின்ன விசிறி விமானம்தான். சென்னையிலிருந்து சேலத்துக்குப் போனது. நான் பிறந்தது சேலம், பிழைப்பு பல்லாவரத்தில். அதனால் அந்த விமானத்தின் மீது எனக்குத் தனிப் பாசம் உண்டு.

சேலத்துக்கு விமானம் வந்த கதையே விட்டு விட்டு வந்த கதைதான். ஓமலூர் பக்கம் காமலாபுரத்தில் இருக்கிறது விமான நிலையம். 1993இல் முதலில் ஓட்டியது நம் சென்னைக்காரர்களின் என்.இ.பி.சி. விமான நிறுவனம். காற்றாலை போட்ட அதே குழுமம். ஆள் சேரவில்லை என்று சீக்கிரமே நிறுத்திவிட்டார்கள். 1997வாக்கில் அந்த நிறுவனமே இல்லாமல் போனது. அப்புறம் பல வருடங்கள் காமலாபுரத்தில் பயணிகள் விமானம் கிடையாது. 2009 நவம்பரில்தான் கிங்ஃபிஷர் வந்தது.

இதில் ஏர் டெக்கன் என்ற மலிவுக் கட்டண விமான நிறுவனத்துக்கும் ஒரு பங்கு உண்டு. வெளிநாட்டுக்குப் பறக்க வேண்டுமென்றால் ஐந்து வருடம் உள்நாட்டில் ஓட்டியிருக்க வேண்டும், 20 விமானம் வைத்திருக்க வேண்டும் என்று அப்போது விதி. கிங்ஃபிஷருக்கு வயசு போதவில்லை. 2003 ஆகஸ்டில் தொடங்கிய டெக்கனுக்கு 2008 ஆகஸ்டோடு ஐந்து வருடம் முடிந்தது. டெக்கனைத் தன் கைக்குள் கொண்டுவந்திருந்த கிங்ஃபிஷர், அடுத்த மாதமே பெங்களூரிலிருந்து லண்டனுக்குப் பறந்தது. டெக்கனின் சின்ன ஊர் வழித்தடங்களும் ஏடிஆர்களும் அதோடு சேர்ந்து வந்தவை. லண்டனுக்காக நடந்த வியாபாரத்தில் சின்ன ஊர்களுக்கும் நல்ல காலம் பிறந்தது என்றுதான் நான் நினைக்கிறேன்.

சரி, என் அனுபவத்துக்கு வருகிறேன். அம்மாயிக்கு, அதாவது அம்மாவின் அம்மாவுக்கு, சென்னையில் முட்டி ஆபரேஷன். முடிந்து ஊருக்குக் கூட்டிப்போக வேண்டும். ரயிலில் படி ஏற முடியாது, காரில் அவ்வளவு நேரம் காலை மடக்கி உட்கார முடியாது. விமானத்தில் ஒரு மணி நேரம்தான். காமராஜர் முனையத்திலிருந்து பஸ்ஸில் கொண்டுபோய் இறக்கினார்கள். ஏடிஆருக்குப் பின்பக்கம்தான் வாசல். முன்பக்கக் கதவு மூட்டை முடிச்சுக்கு. எல்லாரும் வால் பக்கமாகவே ஏறுவதால் பாரம் பின்னால் சாய்ந்துவிடக்கூடாதே என்று வாலுக்கு அடியில் ஒரு முட்டுக்கம்பி நிறுத்தியிருந்தார்கள். அம்மாயி சக்கர நாற்காலியில் இருந்தபடியே அதைப் பார்த்துவிட்டது. "மாட்டு வண்டிக்குக் குடுக்கிற மாதிரி இதுக்கும் முட்டு குடுத்திருக்காங்க பாரு சாமி" என்றது. அதற்கு அப்புறம் பயமே இல்லாமல் இரண்டு பேர் கைத்தாங்கலாகப் பிடிக்க ஏறிவிட்டது.

பயம் வந்தது உள்ளே உட்கார்ந்த பிறகுதான். ஜன்னலுக்கு நேராக விசிறி. ஆறு இதழ். முதலில் ஒவ்வொரு இதழும் தனித்தனியாகத் தெரிந்து, அப்புறம் மங்கி, கடைசியில் கண்ணுக்கே தெரியாமல் போனது. அம்மாயி என் கையைப் பிடித்துக்கொண்டு, "அந்தக் காத்தாடி நின்னு போச்சுன்னா?" என்று கேட்டது. எனக்குச் சட்டென்று பதில் வரவில்லை. சிவப்பு உடுப்பில் நின்ற பணிப்பெண் காதில் அது விழுந்திருக்கிறது. இருக்கைகளுக்கு நடுவே முட்டி போட்டு உட்கார்ந்து, அம்மாயி முகத்துக்கு நேராகப் பார்த்து, "அந்தப் பக்கம் இன்னொண்ணு இருக்குங்க பாட்டி. அது ஒண்ணு போதும், நம்மள வீட்டுல கொண்டுபோய் விட்டுரும்" என்று நம்ம ஊர்ப் பேச்சில் சொன்னது. உண்மையும் அதுதான். ஒற்றை எஞ்சினில் பறந்து பத்திரமாக இறங்கும்படிதான் அந்த விமானங்களைக் கட்டுகிறார்கள். பெல்ட்டைத் தளர்த்தி, கட்டுப் போட்ட காலுக்கு அடியில் ஒரு தலையணையும் வைத்துவிட்டுப் போனது அந்தப் பெண். சேர்வராயன் மலை ஜன்னலில் தெரிந்தபோது அம்மாயி, ஏற்காடு எங்கே இருக்கிறது என்று எனக்கு விரல் நீட்டிக் காட்டிக்கொண்டிருந்தது.

அந்த நிறுவனத்தின் கணக்கு வழக்கு பற்றிப் பேச எனக்கு நல்ல வார்த்தை கிடையாது. தொடங்கியதிலிருந்து ஒரு வருடம்கூட லாபம் பார்க்கவில்லை. 17 வங்கிகளின் கடன். 2011இல் சேலம் விமானம் நின்றது. 2012இல் மாதக் கணக்கில் சம்பளம் வராமல் பொறியாளர்கள் வேலைநிறுத்தம் செய்ய, அக்டோபரில் உரிமமே முடக்கப்பட்டது. உல்லாசம், கொண்டாட்டம் என்று விளம்பரம் செய்த நிறுவனத்தில், முட்டி போட்டுப் பேசிய அந்தப் பெண் மாதிரியானவர்களுக்குத்தான் சம்பளம் நின்றது. இதை நினைத்தால் இன்றைக்கும் மனசு ஆறவில்லை.

சேலத்துக்கு மறுபடி விமானம் வந்தது 2018 மார்ச்சில். சின்ன ஊர்களுக்கு விமானம் விட மத்திய அரசு கொண்டுவந்த உடான் திட்டத்தில் ட்ரூஜெட் என்ற நிறுவனம் ஓட்டியது, அதுவும் ஏடிஆர்தான். காமலாபுரம் ஓடுபாதை 1,800 மீட்டர்தான் என்பதால் விசிறி விமானம்தான் தோது. உடான் என்றால் பாதி இருக்கைகளுக்குக் கட்டண உச்சவரம்பு, நஷ்டத்தை ஈடுகட்ட மூன்று வருடம் அரசு பணம். கொரோனாவும் வந்தது, 2021இல் அதுவும் நின்றது. மறு வருடம் ட்ரூஜெட்டே படுத்துவிட்டது. ஆக, காமலாபுரத்துக்கு ஓட்டிய மூன்று நிறுவனங்கள் இன்றைக்கு இல்லை.

காரணம் ஆள் இல்லாததா என்றால், முழுக்க அப்படிச் சொல்ல மாட்டேன். நான் போனபோதெல்லாம் ஓரளவு நிறைந்துதான் இருந்தது. ஆனால் ராத்திரி ஏற்காடு எக்ஸ்பிரஸில் படுத்தால் விடிவதற்குள் சென்னை சென்ட்ரல். அதை ஜெயிக்க வேண்டுமானால் விமானம் தினமும், நேரத்துக்கு, வருடக் கணக்கில் ஓட வேண்டும். வியாபாரிகள் அப்போதுதான் நம்பிப் பழகுவார்கள். பழகுவதற்குள் நிறுத்திவிடுகிறார்கள்.

சேலம் செவ்வாய்ப்பேட்டையில் என் பெரியப்பா கொலுசு வியாபாரம். மாதம் தவறாமல் சென்னை சவுகார்பேட்டைக்கு வருவார். 2023 அக்டோபரில் சேலம் விமானம் மறுபடி தொடங்கியதும் டிக்கெட் போடவா என்று போனில் கேட்டேன். "வர்றதுக்கு மட்டும் போடு கண்ணு. திரும்பறதுக்கு ரயில்ல போட்டு வை" என்றார். அன்று முதல் அப்படித்தான் போட்டுக் கொடுத்துக்கொண்டிருக்கிறேன்.