ஷையர் நாள்காட்டியில் கிழமை மட்டும் மாறவே மாறாதா?

எல்லனூர்: டோல்கீனின் 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' நாவலின் பின்னிணைப்பில், ஷையர் என்ற கற்பனை நாட்டில் வாழும் ஹாபிட் என்னும் சிற்றுருவ மக்களின் நாள்காட்டியைப் பார்த்தேன். 12 மாதம், எல்லாவற்றுக்கும் 30 நாள், பிப்ரவரி 30 கூட உண்டு. பில்போ என்ற ஹாபிட்டின் பிறந்தநாளான செப்டம்பர் 22 எந்த வருடமும் வியாழன்தான் என்று வருகிறது. 365-ஐ 7-ஆல் வகுத்தால் 1 மிஞ்சுமே, அது எங்கே போகிறது?

பழையவாசகன்: 360 போக 5 நாள் எந்த மாதத்திலும் சேராது. வருடத்தின் தொடக்கத்திலும் முடிவிலும் ஒவ்வொரு யூல் நாள், வருடத்தின் பாதியில் இரண்டு லித் நாள், அந்த இரண்டு லித்துக்கும் நடுவில் ஆண்டு-மத்திய நாள். இந்த மத்திய நாளுக்கு மட்டும் கிழமையே கிடையாது, அதனால் கணக்கில் வருவது 364 நாள், சரியாக 52 வாரம். லீப் வருடத்தில் கூடுதலாக வரும் ஓவர்லித் என்ற நாளுக்கும் கிழமை இல்லை. எல்லா வருடமும் சனியில் தொடங்கி வெள்ளியில் முடியும்.

காலண்டர்பைத்தியம்: இது வெறும் கற்பனை என்று நினைக்காதீர்கள், 1930களில் உலக நாள்காட்டி இயக்கம் கேட்டதும் இதே தந்திரத்தைத்தான். 1950களில் இந்தியாவே அதை ஐ.நா.வுக்குக் கொண்டுபோனது, வானியற்பியலாளர் மேக்நாத் சாஹா அதற்காக வாதாடினார். ஒரு நாளைக் கிழமை இல்லாமல் விட்டால் ஏழு நாள் சுழற்சி அறுந்து ஓய்வுநாள் வருடாவருடம் நகரும் என்று மதத் தரப்பினர் கடுமையாக எதிர்த்தார்கள், அப்புறம் கிடப்பில் போய்விட்டது.

எல்லனூர்: அட, ஹாபிட்களுக்கு அந்தத் தொல்லை இல்லை! ஆனால் பிறந்தநாள் திங்களில் மாட்டினால் ஆயுசுக்கும் திங்கள்தானே, பாவம்.

பழையவாசகன்: அவர்களுக்கு விடுமுறை வெள்ளி மதியத்துக்கு மேல். திங்கள்காரர்கள் சாயங்காலம் விருந்து வைத்துக்கொள்ளட்டும்.